லேமினேஷன் போட்ட கேம் கார்டு

என் கணவருக்குக் கை சும்மா இருந்தால் வாய் திறக்காது. கல்யாணமான புதிதில் இதைக் கண்டுபிடிப்பதற்குள் எனக்குப் பைத்தியமே பிடித்துவிட்டது. எதிரே உட்கார்ந்து எதைக் கேட்டாலும் ஒரு ‘ம்’, மிஞ்சிப் போனால் ஒரு ‘பாக்கலாம்’. ஆனால் டிவிக்கு முன்னால் உட்காரவைத்துக் கன்ட்ரோலரைக் கையில் கொடுத்துவிட்டால் மனுஷன் வேறு ஆள். கண் திரையில் இருக்கும், விரல் பட்டனில் இருக்கும், வாய் தன்பாட்டுக்குப் பேசும். பத்தாவதில் ஃபெயிலானது, துபாயில் முதல் வருஷம் பாத்ரூமில் போய் அழுதது, பெண்பார்க்க வந்த அன்று என் முகத்தைப் பார்க்க வெட்கப்பட்டு என் அப்பாவின் சட்டைப் பையையே பார்த்துக்கொண்டிருந்தது, எல்லாம் எனக்கு அப்படித்தான் தெரியவந்தது.

அவருக்கு துபாயில் ஏசி மெக்கானிக் வேலை. லீவில் வந்து என்னைக் கட்டிக்கொண்டு, கொஞ்ச நாள் இருந்துவிட்டுத் திரும்பிப் போனார். வரும்போது அங்கிருந்து வாங்கிவந்த கேம் பெட்டியை என்னிடம் விட்டுவிட்டு, அங்கே போய்த் தனக்கு இன்னொன்று வாங்கிக்கொண்டார். விசா எடுத்து என்னைக் கூட்டிக்கொள்வதாகப் பேச்சு. அதுவரை செஞ்சியில் மாமனார் மாமியாரோடு இருக்க வேண்டும் என்றார்கள். அது மாமனார் எடுத்த முடிவு என்றுதான் நான் நினைத்துக்கொண்டேன். சென்னையில் மருத்துவமனை பில்களைச் சரிபார்க்கும் கம்பெனியில் எனக்கு நல்ல வேலை இருந்தது. கொஞ்ச நாள்தானே என்று அதை விட்டுவிட்டு வந்தேன். கொஞ்ச நாள் ஒரு வருஷத்தைத் தாண்டிவிட்டது.

இந்த நிலைமையில்தான் பழைய கம்பெனியிலிருந்து என் டீம் லீடர் அக்கா போன் பண்ணினார். “ஒரு சீட் காலியா இருக்கு. மாசக் கடைசிக்குள்ள வரேன்னு சொல்லு. இல்லன்னா வேற ஆள எடுத்துடுவாங்க” என்றார். எனக்கு அன்று முழுக்கச் சோறு இறங்கவில்லை. விசா வருமா, வராதா? வராதென்றால் நான் வேலைக்குப் போகலாமா? இந்த இரண்டு கேள்விக்கும் நேரான பதில் மாதம் முடிவதற்குள் என் கணவர் வாயிலிருந்து வர வேண்டும். அவ்வளவுதான் எனக்கு வேண்டியது.

இந்த வீட்டில் யாரும் என்னைப் பூட்டி வைக்கவில்லை. அதைச் சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் பாவம். பால் பாக்கெட் வாங்கக் கிளம்பினால் மாமியார் செருப்பை மாட்டிக்கொண்டு வருவார். “தனியா எதுக்கும்மா போற, இரு, நானும் வரேன்.” டெய்லர் கடைக்கும் வருவார், பேங்குக்கும் வருவார், பேங்கில் என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து என் பாஸ்புக்கைத் தன் மடியில் வைத்துக்கொள்வார். என் அம்மா வீடு அவலூர்பேட்டையில் இருக்கிறது. அங்கே போவதென்றால்கூட பஸ் ஸ்டாண்டுவரை வந்து, கண்டக்டரைக் கூப்பிட்டு, “எங்க வூட்டு மருமவ, பாத்து எறக்கி உடுப்பா” என்பார். எனக்கு மானம் போகும். எல்லாம் பிரியமாகச் செய்வதால் கத்தவும் முடியாது. ஞாயிற்றுக்கிழமையானால் எங்கெங்கிருந்தோ வேன் போட்டுக்கொண்டு வந்து ஜனங்கள் ராஜகிரிக் கோட்டை ஏறுகிறார்கள். துணி காயப்போடும்போது எறும்புபோல அவர்கள் ஊர்வது தெரியும். கல்யாணமாகி வந்ததிலிருந்து நான் ஏறிய உயரம் எங்கள் மொட்டைமாடிதான்.

போனில் கேட்டுவிட வேண்டியதுதானே என்று நீங்கள் நினைக்கலாம். கேட்காமலா இருப்பேன்? ஹாலில் ஸ்பீக்கர் போட்டுப் பேசும்போது எல்லோரும் சுற்றி உட்கார்ந்திருப்பார்கள். சாப்டியா, மழை பெய்யுதா, முட்டி வலி எப்படி இருக்குது என்பதோடு முடிந்துவிடும். மாடி அறைக்குப் போய்த் தனியாகப் பேசினால் இன்னும் மோசம். அவர் அங்கே மூச்சு விடுவது மட்டும் கேட்கும். “விசா என்னாச்சுங்க?” “ம்... பாக்கலாம்.” மெசேஜில் கேட்டால் இரண்டு நீல டிக் விழும், பிறகு ஒரு கும்பிடு பொம்மை வரும். கும்பிடு எதற்கு? நான் என்ன சாமியா? போனைத் தூக்கிச் சுவரில் அடிக்கலாம்போல ஆத்திரம் வரும்.

அவரோடு சேர்ந்து ஆடினால்தான் பதில் வாங்க முடியும் என்று எனக்குத் தெரியும். அவர் இங்கே இருந்தபோது ஒரே பெட்டியில் இரண்டு பேரும் பக்கத்தில் உட்கார்ந்து ஆடினோம். தூரத்திலிருந்து ஆட வேண்டுமென்றால் அதற்கு ஏற்ற விளையாட்டு என் பெட்டியிலும் வேண்டும், அவர் பெட்டியிலும் வேண்டும். ஒரு பழைய கப்பலை இரண்டு பேர் சேர்ந்து மூழ்காமல் ஓட்டிக்கொண்டு போகிற விளையாட்டு ஒன்றை அவர் வாங்கி வைத்திருந்தார். “உனக்கும் அது வேணும்” என்றார். சரி, கோடு ஒன்று கிடைத்தால் போதும் என்று நான் தேடக் கிளம்பினேன்.

கோடு என்பது வேறொன்றுமில்லை, எழுத்தும் எண்ணும் கலந்த ஒரு நீளமான வரிசை. அதைப் பெட்டியில் சரியாக அடித்தால் விளையாட்டு தானாக இறங்கிவிடும். இலவசக் கோடு தருகிறோம் என்று நெட்டில் ஆயிரம் பேர் கடை விரித்திருக்கிறார்கள். ஒருவன் நான் மனுஷிதானா என்று நிரூபிக்கச் சொன்னான். ட்ராஃபிக் லைட் படத்தையெல்லாம் தொட்டுக் காட்டினேன். அதற்கப்புறம் என் பல் தேய்க்கும் பழக்கத்தைப் பற்றி வரிசையாகக் கேள்வி கேட்டான். எல்லாவற்றுக்கும் பதில் சொன்ன பிறகு பாதிக் கோட்டைக் காட்டி, மீதி வேண்டுமென்றால் ஐந்து நண்பர்களுக்கு அனுப்பு என்றான். எனக்கு ஐந்து நண்பர்கள் இருந்தால் உன்னிடம் எதற்கடா வருகிறேன் என்று வாய்விட்டே திட்டினேன். கீழேயிருந்து மாமியார், “இன்னாம்மா, யாரு?” என்றார். “பூனை அத்த” என்றேன்.

பிறகு சென்னைத் தோழி ஒருத்தி நிஜமான கோடு ஒன்றை வாங்கி அனுப்பினாள். ஆசை ஆசையாக அடித்தேன். இந்தக் கோடு உங்கள் நாட்டில் செல்லாது என்று திரையில் வந்தது. நான் செஞ்சியில் உட்கார்ந்திருக்கிறேன், கோடு இந்தியாவில் வாங்கியது, என் நாட்டில் செல்லாதாம்! நல்ல கூத்து. விசாரித்தபோதுதான் விஷயம் தெரிந்தது. பெட்டியின் கணக்கை என் கணவர் துபாயில் திறந்திருக்கிறார். கணக்கு எந்த நாட்டில் திறந்ததோ அந்த நாட்டுக் கோடுதான் செல்லும். இடையில் மாற்ற வழியில்லை. என்னால் காலெடுத்து வைக்க முடியாத ஊரில் அந்தப் பெட்டி மட்டும் குடியிருந்தது. எனக்கு வயிறு எரிந்தது.

கடைசியில் அவரே அங்கே ஒரு கடையில் கார்டு வாங்கினார். சுரண்டும் கார்டு. வெள்ளிப் பூச்சைச் சுரண்டினால் அடியில் கோடு இருக்கும். அவரே சுரண்டி, ஒரு போட்டோ எடுத்து அனுப்பியிருந்தால் அன்றைக்கே வேலை முடிந்திருக்கும். அதைத்தான் நானும் சொன்னேன். “பிரிச்சுட்டா கிஃப்ட் மாதிரி இருக்காது” என்றார். வாயே திறக்காத மனுஷனுக்கு இந்த ஆசை மட்டும் எங்கிருந்து வந்ததோ! அவரோடு வேலை செய்பவர் ஒருவர் திண்டிவனத்துக்காரர், லீவில் வந்தார். சாக்லேட், தைலம், பாதாம் எல்லாம் போட்ட பையில் கார்டையும் வைத்து, அதன் பின்பக்கம் என் பெயரை எழுதிக் கொடுத்தனுப்பினார். பையை மாமனார் பஸ் ஸ்டாண்டில் போய் வாங்கிக்கொண்டார்.

இங்கே என் மாமனாரைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். மல்லாட்டை, அதாவது நிலக்கடலை, மூட்டைகளைக் கமிட்டியில் ஏலத்துக்கு விட்டுத் தருவது அவர் தொழில். கமிட்டி என்றால் எங்கள் ஊர் மார்க்கெட். வெயில், தூசி, மழை, அத்தனையிலும் காகிதங்களோடு அல்லாடும் வேலை என்பதால் அவருக்கு லேமினேஷன் மேல் ஒரு பக்தி. ரேஷன் கார்டு, ஆதார், பட்டா நகல், எங்கள் கல்யாணப் பத்திரிகை, மாமியாரின் சர்க்கரை ரிப்போர்ட், எல்லாம் எங்கள் வீட்டில் பிளாஸ்டிக்குக்குள்தான் இருக்கும். தாலுகா ஆபீஸ் பக்கத்து ஜெராக்ஸ் கடையில் அவர் தலை தெரிந்தாலே மெஷினைச் சூடு பண்ணுவார்கள்.

அன்று மாலை வந்தவர் நேராக என்னிடம் வந்தார். பையை மாமியாரிடம் நீட்டிவிட்டுச் சட்டைப் பையிலிருந்து கார்டை எடுத்து, இரண்டு கையாலும் கொடுத்தார். “பத்திரமா வெச்சிக்கோம்மா. இனிமே தண்ணி பட்டாலும் ஒண்ணும் ஆவாது.”

சுரண்டாத கார்டு, நான்கு பக்கமும் கெட்டியாக ஒட்டிய பிளாஸ்டிக்குக்குள்ளே பளபளவென்று இருந்தது. அவர் முகத்தில் அவ்வளவு திருப்தி. “ரொம்ப நல்லதுங்க மாமா” என்று சொல்லிவிட்டு மாடிக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன். ஒரு கார்டுக்காக எவளாவது இப்படி அழுவாளா? அழுதேன், ஏங்கி ஏங்கி அழுதேன்.

கணவருக்குப் போன் பண்ணினால் அவர் சிரித்தார். இன்னொன்று வாங்கலாமா என்றால், அந்தக் கடையில் தீர்ந்துபோய்விட்டது, அடுத்த சரக்கு வந்ததும் பாக்கலாம் என்றார். மாசக் கடைசியோ வாசலில் வந்து நிற்கிறது. நானே பிரிப்பது என்று முடிவு செய்தேன்.

மறுநாள் மாமியார் குளிக்கப் போனதும் ஓரங்களைக் கத்தரியால் வெட்டினேன். பிளாஸ்டிக் அசையவில்லை. சூட்டில் ஒட்டியது சூட்டில்தானே வரும் என்று, கார்டின் மேல் வேட்டித் துணியை மடித்துப் போட்டு அயர்ன் பாக்ஸை வைத்தேன். கொஞ்சம் இளகியது. நகத்தால் நிமிண்டி ஒரு மூலையைத் தூக்கினேன். அந்த நேரம் பார்த்துக் கரண்ட் போனது. கரண்ட் வந்ததும் மறுபடி சூடு வைத்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு, ஒரே இழுப்பாக இழுக்கும்போது கதவைத் தள்ளிக்கொண்டு மாமனார் உள்ளே வந்தார். மோட்டார் போடச் சொல்ல வந்தவர், என் கையைப் பார்த்ததும் அலறிவிட்டார்.

“அய்யய்யோ! இன்னாம்மா பண்ற! விசாவப் போய்க் கிழிக்கிறியே!”

எனக்கு ஒன்றும் புரியவில்லை. “விசாவா? மாமா, இது கேம் கார்டு. அவரு விளையாடறதுக்கு வாங்கி அனுப்பினது.”

“கேமா?”

“ஆமா. டிவியில ஆடுவமே, அது.”

அவர் கட்டில் ஓரத்தில் அப்படியே உட்கார்ந்துவிட்டார். “அரபியில எழுதியிருந்துச்சி. உம் பேரு எழுதியிருந்துச்சி. பையன் விசா அனுப்பிட்டான்னு நெனச்சிட்டேன்மா. எங்கூட இருந்தவன்கிட்ட எல்லாம் சொல்லிட்டு வந்தேன். நம்ம மருமவ துபாய் போவுதுன்னு.”

நான் அயர்ன் பாக்ஸை நிமிர்த்தி வைத்தேன். எனக்குக் கேட்காமல் இருக்க முடியவில்லை. “நான் போறது உங்களுக்குச் சம்மதமா மாமா?”

“இன்னாம்மா இப்டி கேக்கற? ஒவ்வொரு தபா பேசும்போதும் அவங்கிட்ட சொல்லிகினேதான் இருக்கறேன். கட்னவள கூட்டிகினு போடா, இல்ல அது செஞ்சிகினு இருந்த வேலைக்காவது போவ உடுடான்னு. கமிட்டியில இருந்து பேசுவேன். உங்க அத்த எதிர்ல பேசினா அவ அழுவா.”

“அதுக்கு அவரு என்ன சொல்றாரு?”

மாமனார் எழுந்தார். “அவன் இன்னா சொல்வான். ம்-ன்னுவான்” என்றபடி இறங்கிப் போனார்.

ஒரு வருஷமாக நான் யாரை மனசுக்குள் கரித்துக் கொட்டிக்கொண்டிருந்தேனோ அந்த மனுஷன் எனக்காகத் துபாய்க்குப் போன் போட்டுக்கொண்டிருந்திருக்கிறார். சந்தோஷப்படுவதா, யார் மேல் கோபப்படுவது என்று தேடுவதா என்று தெரியாமல் அந்தக் கார்டைப் பார்த்தேன். வெள்ளிப் பூச்சு பிளாஸ்டிக்கோடு உரிந்து வந்திருந்தது. கோட்டின் பாதி எழுத்துகள் கார்டிலும் மீதி பிளாஸ்டிக்கின் உட்புறத்திலும் ஒட்டியிருந்தன. பிளாஸ்டிக்கை ஜன்னல் வெளிச்சத்தில் திருப்பிப் பிடித்து, ஒவ்வொன்றாக எழுதிக்கொண்டேன். இரண்டு இடத்தில் எது என்ன என்று நிச்சயமில்லை. மாற்றி மாற்றி அடித்தேன். பல தடவை தவறியதும், இப்போதைக்கு இனிமேல் முயல முடியாது, பிறகு வாருங்கள் என்று பெட்டி கதவைச் சாத்திவிட்டது. கீழே போய்ச் சமைத்து, பரிமாறி, பாத்திரம் கழுவிவிட்டு வந்து மறுபடி உட்கார்ந்தேன். விளையாட்டின் படமும் அதன் பெயரும் திரையில் வந்தபோது நான் போட்ட சத்தத்தில் மாமியார், “மறுபடியும் பூனையா?” என்று கேட்டார்.

அவருடைய லீவு நாளில் மத்தியானச் சாப்பாடு முடிந்து உட்கார்ந்தோம். நான் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டேன். சுக்கான் அவர் கையில், ஓட்டை வழியாக உள்ளே வரும் தண்ணீரை வாளியால் இறைத்து ஊற்றும் வேலை எனக்கு. விளையாட்டிலும் எனக்கு வீட்டு வேலைதான் வாய்த்தது. ஆனால் நான் நினைத்தது தப்பவில்லை. கப்பல் கரையை விட்டதும் அவர் பேச ஆரம்பித்துவிட்டார். ரூமில் புதிதாக வந்த பையன் குறட்டை விடுவது, மேஸ்திரி சம்பளத்தை இழுத்தடிப்பது என்று சரளமாக வந்தது. அந்தக் குரலைக் கேட்டு எவ்வளவு நாளாயிற்று! எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. கேட்க வந்ததைக் கேட்காமல் இப்படியே ஆடிக்கொண்டிருந்தால் என்ன என்றுகூடத் தோன்றியது.

கேட்டேன். “விசா என்னாச்சுங்க?”

“விசா எங்க எடுக்கறது. ஒரு ரூம்ல எட்டு பேரு இருக்கோம். நீ தண்ணிய எற, இடது பக்கம் வருது பாரு.”

“அப்போ வராதா?”

“இங்க வேலைக்கு இன்னும் ரெண்டு வருஷம் எக்ஸ்டென்ஷன் போட்டுட்டேன். போன மாசமே கையெழுத்துப் போட்டாச்சு.”

எவ்வளவு சாதாரணமாகச் சொன்னார்! அதற்கப்புறம் எத்தனை முறை கேட்டிருப்பேன். அத்தனை பாக்கலாமும் கையெழுத்துப் போட்ட பிறகு சொன்னவை. கண்ணில் நீர் வந்து திரை மங்கியது. “அப்போ நான் சென்னைக்கு வேலைக்குப் போறேன். கூப்பிட்டிருக்காங்க.”

“அது வேணாம். நைனா உடமாட்டாரு.”

“மாமாவே உங்ககிட்ட சொல்லியிருக்காரு, போவ உடுன்னு.”

கப்பல் சட்டென்று வலப்பக்கம் திரும்பியது. “சொன்னாரு. நான்தான் வேணாம்னேன். தோ பாரு, நாள் பூரா மொட்டை மாடி மொட்டை மாடியா வெயில்ல ஏறி ஏறி எறங்கறேன். சாயங்காலம் போன் பண்ணா நீ அந்த வூட்ல இருக்க. அம்மா இருக்காங்க, நைனா இருக்காரு, நீ இருக்க. அத நெனச்சிதான் தூங்கறேன். நீ எங்கியோ ஹாஸ்டல்ல இருந்தா எனக்கு வூடுன்னு ஒண்ணு இல்லடி.”

அவ்வளவு பிரியமாக அவர் என்னிடம் என்றைக்கும் பேசியதில்லை. அதுதான் என்னைக் கொன்றது. கத்துவதற்கு வாயைத் திறந்தால் அழுகைதான் வந்தது. எழுந்து மாடிப்படியில் நின்று, “மாமா, கொஞ்சம் மேல வாங்க” என்று கூப்பிட்டேன். வந்தார். ஹெட்செட்டைக் கழற்றி அவர் தலையில் நானே மாட்டினேன். “அவருதான் பேசறாரு. எங்கிட்ட சொன்னத அவருகிட்ட சொல்லுங்க மாமா.”

அவர் மைக்கை விரலால் தொட்டுப் பார்த்தார். “டேய். நான்தான்டா... சாப்டியா?”

அந்தப் பக்கம் என்ன சொன்னாரோ எனக்குக் கேட்கவில்லை. மாமனார் திரையைப் பார்த்தபடி நின்றார். தண்ணீர் இறைக்க ஆளில்லாமல் கப்பல் ஒரு பக்கம் சாய்ந்துகொண்டிருந்தது. “ம்” என்றார். கொஞ்சம் கழித்து, “அப்டியாடா” என்றார். பிறகு, “சரிடா... சரி. நீ சொன்னா சரிதான்” என்றார். ஹெட்செட்டைக் கழற்றி, என் முகத்தைப் பார்க்காமல் என் கையில் வைத்தார். “அவன் பாவம்மா” என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

ஆமாம், அவர் பாவம். மாமனார் பாவம். அழுதுவிடுவார் என்பதால் மாமியாரும் பாவம். இந்த வீட்டில் பாவம் இல்லாத ஒரே ஆள் நான்தான் போலிருக்கிறது. ஹெட்செட்டுக்குள்ளிருந்து அவர் குரல் சின்னதாகக் கேட்டது, “இருக்கியா? தண்ணிய எறைமா, முழுவுது.” பெட்டியை அணைத்தேன். போனை எடுத்து டீம் லீடர் அக்காவுக்கு, திங்கட்கிழமை வந்து சேர்கிறேன் என்று அனுப்பினேன். எழுதும்போது இருந்த தைரியம் அனுப்பியதும் போய்விட்டது. இருந்தாலும் கீழே இறங்கினேன்.

மாமியார் ஹாலில் முறத்தை வைத்துக்கொண்டு மல்லாட்டை உரித்துக்கொண்டிருந்தார். மாமனார் பேப்பரை விரித்துப் பிடித்திருந்தார், படிக்கவில்லை.

“அத்த, திங்கக்கிழமை நான் சென்னைக்கு வேலைக்குப் போறேன்.”

மாமியாரின் கை நின்றது. மாமனாரைப் பார்த்தார். பேப்பர் அசையவில்லை. என் கையிலிருந்த போனைப் பார்த்தார். அவர் கண்ணில் அப்போதே நீர் கட்டிவிட்டது.

“யாரக் கேட்டும்மா போற?” என்றார்.

“யாரையும் கேக்கல அத்த” என்றேன். “இத்தினி நாளா கேட்டுகினுதான இருந்தேன்.”